தலையாட்டும் வரை

மார்ச் 3, திங்கள்

ஆஸ்பத்திரியில் அரை நாள் போய்விட்டது. அப்பாவின் சிறுநீரகங்கள் கிட்டத்தட்ட வேலையை நிறுத்திவிட்டன. எனக்குப் புரியட்டும் என்று டாக்டர், "ஃபில்டர் அடைச்சுக்கிச்சு" என்றார். நான் பம்ப் கம்பெனியில் டெஸ்டிங் இன்ஜினியர். அடைத்த ஃபில்டரைக் கழற்றிக் கழுவி மாட்டலாம். இதைக் கழுவ முடியாது. உவமை தப்பு.

திட்டம் மட்டும் தெளிவாக இருந்தது. இடது கையில் இரண்டு ரத்தக்குழாய்களை இணைத்து ஒரு சின்ன ஆபரேஷன். அது தேறி வரச் சில வாரங்கள் ஆகும். பிறகு டயாலிசிஸ். முடிந்தால் மாற்றுச் சிறுநீரகம்.

"வீட்டுல குடுக்கறதுக்கு ஆள் இருக்காங்களா?" என்று டாக்டர் கேட்டார்.

அம்மாவுக்குச் சர்க்கரை, ஆகாது. அப்பா சொன்னார்: "பையனுக்கு ஆவணியில கல்யாணம் வெச்சிருக்குதுங்க டாக்டர். அது முடியட்டுங்க."

கேட்ட கேள்விக்கு இது பதிலே இல்லை. அப்பா எப்போதும் இப்படித்தான்.

ஷிஃப்ட்டிலிருந்து நேரே போயிருந்தேன். கம்பெனி அட்டையின் கயிறு கழுத்தை அறுத்துக்கொண்டே இருந்தது. கழற்றிச் சட்டைப் பையில் போட்டேன்.

மார்ச் 4, செவ்வாய்

அப்பா வேண்டாம் என்றுவிட்டார். ஆபரேஷன், டயாலிசிஸ், எதுவும் வேண்டாம். இட்லியைப் பிட்டுக்கொண்டே சொன்னார், இன்றைக்கு மழை வராது என்பது போல.

"ஏனுங்கப்பா?"

"உடம்பு வேற, நான் வேற கண்ணு. மோட்டார்ல காயில் போச்சுன்னா கரண்ட்டே செத்துப்போச்சுன்னா அர்த்தம்?"

மில்லில் எலக்ட்ரிகல் ஃபோர்மேனாக இருந்தவர். ஓய்வு பெற்றதும் காலனி நூலகத்து மாடியில் ஞாயிறுதோறும் நடக்கும் உபநிடத வகுப்பில் சேர்ந்தார். டீவி சீரியலுக்கு இது மேல் என்று அப்போது நினைத்தேன். இப்போது சொல்கிறேன், சீரியலே மேல். சீரியல் பார்த்து எவனும் டயாலிசிஸ் வேண்டாம் என்றதில்லை.

"காயில் போனா ரீவைண்டிங் பண்ணுவீங்களா, மோட்டாரையே தூக்கி எறிவீங்களா?"

"எத்தனை வாட்டி பண்றதுன்னு ஒண்ணு இருக்குதில்ல."

அம்மா சட்டினிக் கிண்ணத்தை என் பக்கம் தள்ளினார். பேச்சை நிறுத்து என்று அர்த்தம்.

மார்ச் 6, வியாழன்

புது மாடல் பம்ப் டெஸ்ட் மேடையில் ஓடும்போது அதிர்கிறது. அடிப்பலகை போல்ட்டுகளை இறுக்கினேன். இன்னும் அதிர்கிறது. அப்பாவோடு பேசவில்லை.

மார்ச் 9, ஞாயிறு

வகுப்பில் சண்டை போடத்தான் போனேன். காவி, ருத்திராட்சம், குழைந்த குரல் எல்லாம் எதிர்பார்த்தேன். ஸ்கூட்டரில் ஹெல்மெட்டோடு ஒரு பெண் வந்து இறங்கினார். வசுமதி, கல்லூரியில் தத்துவம் நடத்துகிறார். என்னைவிட நான்கைந்து வயது மூத்திருப்பார். ஹெல்மெட்டை மேசைமேல் வைத்துவிட்டு நேரே பாடத்துக்குப் போனார். உடம்பு ஓர் ஊர், அதில் குடியிருப்பவன் வேறு, ஊர் இடிந்தால் அவன் இடிவதில்லை, இந்த மாதிரி.

நான் எழுந்து சொன்னேன்: "உங்க வகுப்பால எங்கப்பா சாகப் போறாரு."

அப்பா மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் விஷயத்தைச் சொன்னேன். வசுமதி பேனாவை மூடிவிட்டு அப்பாவைப் பார்த்தார்.

"சென்னியப்பண்ணா, நிஜமா? எங்கிட்ட ஏன் சொல்லல?"

"வகுப்புல வீட்டுக் கதை எதுக்குங்கம்மா."

"இதுல எங்கயாவது வைத்தியம் பாக்காதேன்னு எழுதியிருக்குங்களா?" என்று நான் கேட்டேன்.

"இல்லை. பாருன்னும் எழுதலை. இதை உங்கப்பா எப்படி எடுத்துக்கிட்டார்ங்கறதுதான் கேள்வி. உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும். உடம்பு பொய், செத்தாலும் ஒண்ணுமில்லைங்கறாரு."

அவர் அப்பா பக்கம் திரும்பினார். "அண்ணா, உங்க பக்கம் இதுதானா?"

அப்பா இல்லை என்று தலையை அசைத்தார்.

அதற்குப் பிறகு வசுமதி சொன்னதை எரிச்சலோடு கேட்டேன். ஆனால் எழுதி வைக்கிறேன். பழைய உரைகாரர்களிடம் ஒரு வழக்கம் உண்டாம். எதிராளியை மறுப்பதற்கு முன்னால் அவன் வாதத்தை மறுக்கிறவரே முழுதாகச் சொல்ல வேண்டும். அதற்குப் பூர்வபட்சம் என்று பெயர். இளைத்துப்போன வாதமாகச் சொல்லக் கூடாது. எதிராளியே கேட்டு, ஆமாம் இதைத்தான் சொல்கிறேன் என்று தலையாட்ட வேண்டும். அதன் பிறகுதான் சித்தாந்தம், அதாவது தன் முடிவு. சிலர் எதிராளியின் வாதத்தை அவனைவிட நன்றாகச் சொல்லிவிட்டு அப்புறம் உடைப்பார்களாம்.

"அவர் தலையாட்டற வரைக்கும் உங்களுக்கு மறுக்கற உரிமை இல்லை" என்றார்.

"அதுக்குள்ள அவருக்கு ஏதாவது ஆயிருச்சுன்னா?"

"சீக்கிரம் சொல்லுங்க."

பத்து நிமிஷ வேலை என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

மார்ச் 11, செவ்வாய்

முதல் முயற்சி. ஆத்மாவுக்குப் பிறப்பு இறப்பு இல்லை, உடம்பு அது போட்டுக்கொண்ட உறை, உறையைக் காப்பாற்ற அலைவது அறியாமை என்று இணையத்தில் படித்ததையெல்லாம் சேர்த்துச் சொன்னேன். அப்பா கண்ணை மூடிக் கேட்டார்.

"நல்லாச் சொன்னே. வகுப்புல சொன்னா கை தட்டுவாங்க. ஆனா அது பாடம் சாமி, என்ற பக்கம் இல்ல. மண்டபத்துக்கு அட்வான்ஸ் குடுத்துட்டியா?"

சாயங்காலம் கடைத்தெரு முக்கில் வண்டியை நிறுத்தி இளநீர் குடித்துக்கொண்டிருந்தார். இளநீரில் பொட்டாசியம். அவருக்கு அது விஷம். அம்மா காய்கறியைக்கூட வேகவைத்து, தண்ணீரைக் கொட்டிவிட்டுத்தான் போடுகிறார்.

"உங்க ஆத்மா இளநி கேக்குதுங்களா?"

அப்பா காயைக் கீழே வைத்துவிட்டார். பாதி குடித்திருந்தார். இளநீர்க்காரர் என்னைப் பார்த்து, "வெயில் நேரம், பெரியவரை எதுக்குங்க வையறீங்க" என்றார்.

மார்ச் 13, வியாழன்

இரண்டாம் முயற்சி. இந்த முறை தர்க்கத்தில் பிடித்தேன்.

"உடம்பு நீங்க இல்லை. சரி. அப்ப அது உங்களோடதும் இல்லை. உங்களோடது இல்லாத ஒண்ணுக்கு வைத்தியம் வேண்டாம்னு சொல்ல நீங்க யாரு? வேண்டாங்கறதும் ஒரு சொந்தம் கொண்டாடறதுதானே?"

அப்பா முகம் மலர்ந்துவிட்டது. "அடேங்கப்பா. இதை ஞாயித்துக்கிழமை நான் கேக்கறேன்."

"பதில் சொல்லுங்கப்பா."

"நீ மறுக்க ஆரம்பிச்சுட்டே. என்ற பக்கத்தை இன்னும் சொல்லவே இல்லியே."

"நீங்களே சொல்லித் தொலைங்க."

"நானே சொன்னா அப்புறம் என்ன வழக்கம்?" என்றார். கொஞ்சம் கழித்து, "கல்யாண நேரத்துல கோவத்தைக் குறைச்சுக்கோ. பொண்ணு பயந்துக்கும்."

செத்துக்கொண்டிருக்கிற மனிதர் விளையாடுகிறார். அந்தக் கோபத்தில் மிக்சியை அணைக்காமல் மூடியைத் திறந்துவிட்டேன், சுவரெல்லாம் மாவு. நானே துடைத்தேன்.

மார்ச் 16, ஞாயிறு

மறுபடியும் வகுப்புக்குப் போனேன். உளவு பார்க்க.

ஒரே வாக்கியத்தை அத்வைதிகள் ஒரு மாதிரி, விசிஷ்டாத்வைதிகள் ஒரு மாதிரி, துவைதிகள் வேறு மாதிரி வாசிக்கிறார்கள் என்று வசுமதி பலகையில் எழுதினார். ஒருவருக்குச் சீவனும் பிரம்மமும் ஒன்றே. இன்னொருவருக்கு உடம்பு ஆத்மாவைச் சார்ந்திருப்பதுபோல் சீவன் இறைவனைச் சார்ந்திருக்கிறது. மூன்றாமவருக்கு இரண்டும் என்றைக்கும் வேறு. எனக்குப் பொறுக்கவில்லை.

"எங்க கம்பெனியில ஒரே டிராயிங்கை மூணு பேர் மூணு மாதிரி வாசிச்சா மூணு பேருக்கும் வேலை போயிரும்."

"உங்க டிராயிங்கைப் போட்டவர் மாடியில உட்கார்ந்திருப்பார். சந்தேகம் வந்தா போய்க் கேக்கலாம். இங்க கேக்க ஆள் இல்லை. அதனாலதான் விதி வேண்டியிருக்கு."

விதிகள் நிஜமாகவே இருக்கின்றன. ஒரு நூலின் உட்கருத்து எது என்று கண்டுபிடிக்கச் சோதனைகள். எதில் தொடங்குகிறது, எதில் முடிகிறது என்று முதலில் பார்க்க வேண்டும். இரண்டும் ஒன்றாக இருந்தால் கருத்து அங்கேதான் இருக்கிறது. அடுத்து, நடுவில் எது திரும்பத் திரும்ப வருகிறது. நடுவில் ஒருமுறை வந்து போகிற பெரிய பேச்சை மட்டும் பிடித்துக்கொண்டு தொங்கக் கூடாது. அது வெறும் அலங்காரமாக இருக்கலாம். இன்னும் சில சோதனைகள் சொன்னார். எனக்கு இவை போதும். முதன்முறையாக இந்த ஆட்கள்மேல் ஒரு மரியாதை வந்தது. எங்கள் டெஸ்டிங் முறையைவிடச் சுத்தம்.

அப்பா என் கேள்வியைத் தன் கேள்வியாகக் கேட்டார். வகுப்பே பாராட்டியது. என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

மார்ச் 18, செவ்வாய்

கோகிலவாணி போன் பண்ணினாள். நிச்சயம் முடிந்ததிலிருந்து தினமும் பேசுகிறோம். குரல் ஏன் இப்படி இருக்கிறது என்றாள். கம்பெனியில் சத்தம் என்றேன். "வீட்டுல இருந்து பேசறேன்னு இப்பத்தான் சொன்னீங்க" என்றாள். அப்பாவுக்குக் கொஞ்சம் முடியலை என்றேன். என்ன என்றாள். சர்க்கரை, பிரஷர், அந்த மாதிரி என்றேன்.

மார்ச் 19, புதன்

பம்ப் இன்னும் அதிர்கிறது.

மார்ச் 21, வெள்ளி

அப்பாவின் கால் வீங்கிவிட்டது. விரலால் அழுத்தினால் குழி அப்படியே நிற்கிறது. சோறு இரும்புத் துண்டு மாதிரி இருக்கிறது என்கிறார். இழுத்துக்கொண்டு போனேன்.

டாக்டர் கோபப்பட்டார். இன்னும் தள்ளினால் ஒருநாள் மூச்சுத் திணறி வருவார், அப்போது கையெல்லாம் பார்க்க நேரம் இருக்காது, கழுத்தில் குழாயைப் போடுவோம் என்றார். அப்பா எல்லாவற்றுக்கும் சரீங்க சரீங்க என்றார். வெளியே வந்து செருப்பை மாட்டும்போது என்னிடம் சொன்னது இது மட்டும்தான்:

"பொண்ணு வீட்டுக்கு எதுவும் தெரிய வேண்டாம். ஒரு முழுப் பையனைத்தான் அவங்களுக்குச் சொல்லியிருக்கறோம்."

வண்டி ஓட்டும்போது இரண்டு சிக்னலைக் கவனிக்காமல் தாண்டினேன்.

மார்ச் 22, சனி

அதிர்வுக்குக் காரணம் கிடைத்துவிட்டது. பம்ப்பில் குறை இல்லை. உறிஞ்சு குழாயைக் கோணலாகப் பொருத்தியிருக்கிறார்கள். சத்தம் பம்ப்பில் கேட்டதால் இத்தனை நாள் பம்ப்பையே பிரித்துக்கொண்டிருந்தேன்.

குழாயை நேராக்கிவிட்டு டெஸ்ட் ஓடும்போது சும்மா உட்கார்ந்திருந்தேன். வசுமதி சொன்ன அந்தச் சோதனைகளை அப்பாமேல் போட்டுப் பார்த்தேன்.

தொடக்கம்: பையனுக்கு ஆவணியில் கல்யாணம். யாராவது கொடுப்பார்களா என்று டாக்டர் கேட்ட அந்த நொடியில் வந்தது.

முடிவு, அதாவது நேற்று வரைக்கும்: முழுப் பையன்.

நடுவில் திரும்பத் திரும்ப வருவது: மண்டபம், கல்யாண நேரம், பொண்ணு பயந்துக்கும்.

ஆத்மா என்ற சொல்லை அப்பா தன் வாயால் ஒருமுறைகூடச் சொல்லவில்லை. சொன்னதெல்லாம் நான். அவர் சொன்னது ஒரே ஒரு மோட்டார் உவமை.

டிராயிங்கைப் போட்டவர் வீட்டில்தான் உட்கார்ந்திருக்கிறார். நான் போய்க் கேட்கவில்லை. ஏன் என்று எழுத இஷ்டமில்லை.

மார்ச் 23, ஞாயிறு

வகுப்புக்கு இருவரும் போகவில்லை. அம்மா கோயிலுக்குப் போயிருந்தார். அப்பா ஹாலில் டேபிள் ஃபேனைப் பிரித்து வைத்திருந்தார். ஃபேன் நகர்ந்துகொண்டே இருந்ததால் திருகு ஓட்டையில் உட்காரவில்லை. நான் ஃபேனைப் பிடித்துக்கொண்டேன்.

"மூணாவது தடவை சொல்றேன்" என்றேன்.

"சொல்லு."

"உங்களுக்கு டயாலிசிஸ் பயம் இல்லை. டயாலிசிஸ்னு ஆரம்பிச்சா டாக்டர் மறுபடி கேப்பாரு, வீட்டுல ஆள் இருக்காங்களான்னு. ஒவ்வொரு தடவை போறப்பவும் கேப்பாரு. ஒருநாள் நான் பதில் சொல்லியாகணும். அந்தக் கேள்வியே வரக்கூடாதுன்னு மொத்தத்தையும் வேண்டாங்கறீங்க. எனக்கு இது தோணாம இருக்கறதுக்குத்தான் உடம்பு வேற நான் வேறன்னு நடுவுல போட்டீங்க."

அப்பா திருப்புளியைத் திருப்பிக்கொண்டே இருந்தார். தலையாட்டவில்லை.

"பாதி வந்துட்டே" என்றார்.

அந்த மீதிப் பாதி என்ன என்று எனக்குத் தெரியும். இத்தனை நாளும் தெரியும். இந்த நோட்டிலும் வேறு மாதிரி எழுதி வைத்திருக்கிறேன்.

"அன்னைக்கு டாக்டர் கேட்டப்ப என்ற கழுத்துல கம்பெனி அட்டை தொங்குச்சு. அதுல ஓ பாசிட்டிவ்னு பெருசாப் போட்டிருக்கும். கிட்னி குடுக்க யாருக்கும் பொருந்தற குரூப். நான் அதைக் கழட்டிப் பைக்குள்ள போட்டேன். நீங்க பாத்தீங்க."

அப்பா திருப்புளியைக் கீழே வைத்தார். என்னைப் பார்த்தார். பிறகு தலையை ஆட்டினார். பெரிதாக, நன்றாகத் தெரியும்படி, எனக்குச் சந்தேகம் வரக்கூடாது என்பது போல.

"நீ கேட்டு, இல்லைன்னு சொல்லி, அப்புறம் காலம் பூரா அதைச் சுமந்துட்டுத் திரிய வேண்டாம்னு பாத்தேன் சாமி. அவ்வளவுதான்."

வெளியே எவனோ ஹாரன் அடித்துக்கொண்டே போனான்.

"அப்ப அந்தப் பாடமெல்லாம் பொய்யா?"

"பொய் ஏன்? புஸ்தகத்தைப் பிரிச்சா நல்லாப் புரியுது. இளநியைப் பாத்தா மறந்துபோகுது. ஆனா ஒண்ணு. என்ற உடம்பைப் பாத்து இது நான் இல்லைன்னு சொல்லிக்க முடியுது. கொஞ்சம் கொஞ்சம் முடியுது. உன்ற உடம்பைப் பாத்து அது நீ இல்லைன்னு சொல்ல வாய் வரமாட்டீங்குது. அதுக்கு எந்த உரையிலயும் வழி காணோம்."

இனி என் முறை. அவர் தலையாட்டிவிட்டார், நான் மறுக்கலாம். இரண்டு வாரமாகத் தயார் செய்த வாதம் ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.

"உன்ற பக்கத்தை நான் சொல்லட்டுமா?" என்றார் அப்பா. "எனக்கும் அந்த உரிமை இருக்குதில்ல."

"சொல்லுங்க."

"உனக்குப் பயம். கத்தி வெக்கறதுக்குப் பயம், கல்யாணம் என்னாகும்னு பயம். குடுக்காம இருந்துட்டா அதைவிடப் பெரிய பயம். எதைன்னு சொல்லத் தெரியாம, என்ற வகுப்பு மேலயும் அந்த வசுமதியம்மா மேலயும் பாஞ்சுட்டு இருந்தே. சரியா?"

நான் தலையாட்டினேன். ஃபேனைப் பிடித்திருந்ததால் கண்ணைத் துடைக்க முடியவில்லை.

"இதுல வெக்கப்பட என்ன இருக்குது. பயம் இல்லாதவன் யோசிக்காம குடுப்பான். அது எனக்கு வேண்டாம்."

திருகு உட்கார்ந்துவிட்டது. ஃபேனைப் போட்டோம். ஓடியது. நான் சொன்னேன், கை ஆபரேஷனுக்கு இந்த வாரமே தேதி வாங்குகிறேன் என்று. சரி என்றார். தேதி வாங்குகிற அன்றைக்கே நானும் ரத்தம் கொடுக்கிறேன், பொருந்துமா என்று மட்டும் பார்க்கட்டும் என்றேன். அதற்குச் சரி என்று சொல்லவில்லை. "பொண்ணுகிட்டச் சொல்லு. அவ வாயால கேட்டப்புறம் பாக்கலாம்" என்றார்.

மார்ச் 24, திங்கள்

கோகிலவாணியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அட்டையைக் கழற்றியதையும்.

லைன் இருக்கிறதா என்று பார்த்தேன்.

"சர்க்கரைன்னு சொன்னீங்க" என்றாள். "அதுக்கு அப்புறம் சண்டை போடறேன். இப்ப எனக்கும் பயமாத்தான் இருக்குது. ஒரு கிட்னியோட இருக்கறவங்க எப்படி இருக்காங்க, குழந்தை, வேலை, எல்லாம் அந்த டாக்டர்கிட்ட நானே உட்கார்ந்து கேக்கணும். நீங்க கேட்டுச் சொன்னா பாதியை முழுங்கிருவீங்க."

"உங்க வீட்டுல?"

"அங்க நான் பேசிக்கறேன். ஒத்துக்குவாங்கன்னு சொல்லல. பேசறேன்னுதான் சொன்னேன்."

இவளையும் வசுமதியையும் ஒரே அறையில் விடக் கூடாது.

மார்ச் 28, வெள்ளி

அப்பாவின் இடது கையில் ஸ்கேன் முடிந்தது. செவ்வாய்க்கிழமை ஆபரேஷன். கோகிலவாணி ஒரு காகிதம் நிறையக் கேள்விகளோடு டாக்டர் அறைக்குள் போனவள் வெகு நேரம் வெளியே வரவில்லை. உள்ளே அவள் குரல்தான் கேட்டது.

என்னை அப்பாவுக்குப் பக்கத்து நாற்காலியில் உட்கார வைத்துக் கையில் ரப்பர் பட்டையைக் கட்டினார்கள். பொருந்துமா என்று தெரிய நாளாகுமாம், அதற்குப் பிறகும் சோதனைகள் வரிசையாக இருக்கின்றனவாம். ஊசியைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அட்டைக் கயிறு இன்றும் கழுத்தை அறுத்தது.

"ப்ளட் குரூப் தெரியுங்களா?" என்று நர்ஸ் கேட்டார்.

நான் வாயைத் திறப்பதற்குள் அப்பா சொன்னார்:

"ஓ பாசிட்டிவுங்க. வெளியதான் தொங்குது, பாருங்க."